நஞ்சம்மாள் பூசிய மாடிப்படிச் சுவர்

கோட்டைமேட்டுக் கொத்தனார் நசுருதீன் பாய் சாமானியத்தில் யாரையும் பாராட்டிவிட மாட்டார். கோயமுத்தூரில் பாதி வீட்டுச் சுவர்களைத் தடவிப் பார்த்து "ம்" என்று மட்டும் சொல்லிவிட்டு வந்தவர் அவர். அந்த "ம்" மட்டமா உசத்தியா என்று கேட்டவர்களுக்கே தெரியாது. அப்பேர்ப்பட்ட மனிதர் ஒரு பெண்பிள்ளையின் கைவேலையைப் பார்த்து வாய் பிளந்து நின்றார் என்றால், அதை எழுதி வைக்காமல் எப்படி?

அந்தப் பெண்பிள்ளை நஞ்சம்மாள். அன்னூர்ப் பக்கத்து மானாவாரிக் காட்டுக்காரி. கட்டினவன் லாரியில் வடக்கே போய் அங்கேயே இன்னொரு குடும்பம் ஆக்கிக்கொண்டான். இவள் ஒப்பாரி வைக்கவில்லை, பஞ்சாயத்துக்கும் போகவில்லை. ஒரு நாள் காலை காந்திபுரத்தில் டவுன் பஸ்ஸைவிட்டு இறங்கி, பாதி எழும்பியிருந்த லாட்ஜ் ஒன்றின் முன்னால் வந்து நின்றாள். சாரத்தின் மேல் பூசிக்கொண்டிருந்த நசுருதீனை அண்ணாந்து பார்த்து, "ஏனுங்க, சித்தாளு வேணுமுங்களா?" என்றாள்.

"வேணும். கலவை கலக்கத் தெரியுமா?"

"களி கிண்டத் தெரியுமுங்க."

சாரத்தில் இருந்தவர்கள் எல்லாரும் சிரித்தார்கள். நசுருதீனும் சிரித்தார். ஒரு மாதம் போனபிறகு யாரும் சிரிக்கவில்லை.

அவள் மணல் சலிப்பதே தனி விதமாக இருந்தது. மற்றவர்கள் சல்லடையின் மேல் மணலை வாரி அடிப்பார்கள். அவள் உதிர்ப்பாள். சலித்த மணலோடு சிமெண்டைச் சேர்த்து, தண்ணீர் காட்டாமலே மம்முட்டியால் புரட்டுவாள். இந்தப் பக்கத்துக் குவியல் அந்தப் பக்கம் போகும், மறுபடி இந்தப் பக்கம் வரும். மணல் நிறமும் தெரியக்கூடாது, சிமெண்ட் நிறமும் தெரியக்கூடாது. அப்படி ஒரு நிறம் வந்தபிறகுதான் நடுவில் குழி பறித்துத் தண்ணீர் ஊற்றுவாள். ஊற்றிவிட்டு மம்முட்டிக் காம்பைப் பிடித்துக்கொண்டு சும்மா நிற்பாள். "என்ன, வேடிக்கை பாக்கறியா?" என்று யாராவது அதட்டினால், "குடிக்கட்டுமுங்க" என்பாள்.

அந்தக் கலவையைக் கரண்டியில் அள்ளி வீசினால் சப்பென்று போய்ச் சுவரைக் கட்டிக்கொள்ளும். கீழே ஒரு பொட்டு சிந்தாது. முதல் தடவை அப்படி வீசிவிட்டு, கரண்டிதான் மாறிப்போயிற்றோ என்று நசுருதீன் அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அன்றிலிருந்து அவர் எங்கே வேலை எடுத்தாலும் நஞ்சம்மாளும் கூடவே போனாள். சேலைக்கு மேல் பழைய ஆண்பிள்ளைச் சட்டை, தலையில் சும்மாடு, இடுப்பில் செருகிய துணி. இவ்வளவுதான் அவள். பேச்சு கம்மி. யாராவது புகழ்ந்தால் எழுந்து போய்விடுவாள்.

வருஷங்கள் ஓடின. நசுருதீனுக்கு வலது தோள் மக்கர் பண்ண ஆரம்பித்தது. சுவர் பூசுகிறவனுக்கு வீசுகிற தோள் போனால், பாடுகிறவனுக்குத் தொண்டை போன மாதிரி. அவர் யாரிடமும் மூச்சு விடவில்லை. "கொஞ்சம் இளக்கமாப் போடு" என்று மட்டும் கலவைக்குச் சொல்லுவார். இளகலாக இருந்தால் வீசாமல் அப்பிவிடலாம் என்று ஒரு கணக்கு.

ஒரு நாள் பாண்டுச் சட்டியை இறக்கி வைத்த நஞ்சம்மாள், யார் காதிலும் விழாமல், "தோளு ரொம்ப வலிக்குதுங்களா, பாய்?" என்றாள்.

"உனக்கு யாரு சொன்னாங்க?"

"நீங்க கேக்கற தண்ணியிலயே தெரியுதுங்க."

நசுருதீன் பேச்சை மாற்றிவிட்டார். ஆனால் முழுப் பூசணிக்காயை எத்தனை நாளைக்குச் சோற்றில் மறைப்பது?

இதற்குப் பிறகு நடந்ததுதான் விசேஷம். ஆர்.எஸ்.புரத்தில் ஒரு வீடு முடியும் கட்டம். வெள்ளிக்கிழமை. நசுருதீன் ஜும்மாவுக்குப் போய்விட்டு, கூட வந்தவர் மோட்டார் சைக்கிளில் ஏறிக்கொண்டதால் வழக்கத்துக்கு முன்னதாகவே திரும்பிவிட்டார். மற்றவர்கள் வேப்பமரத்தடியில் சோற்றுப் போசியைத் திறந்து உட்கார்ந்திருந்தார்கள். வீட்டுக்குள் யாரும் இருக்க நியாயமில்லை. ஆனால் மாடிப்படிக்குக் கீழே இருக்கிற சாமான் அறையிலிருந்து சப், சப் என்று சத்தம் வந்தது.

எட்டிப் பார்த்தார். நஞ்சம்மாள் ஒரு கையில் பலகையும் ஒரு கையில் கரண்டியுமாக நின்று வீசிக்கொண்டிருந்தாள். அது நசுருதீனுடைய பழைய கரண்டி. கைப்பிடி ஆடுகிறது என்று அவர் ஒதுக்கிப் போட்டிருந்தது.

அவரைப் பார்த்ததும் அவள் கை அப்படியே நின்றுவிட்டது. அந்தக் காலத்தில் எங்கள் பக்கத்தில் பெண்கள் மணல் சலிப்பார்கள், கலவை கலப்பார்கள், சட்டி சுமந்து சாரம் ஏறுவார்கள். கரண்டியை மட்டும் தொடமாட்டார்கள். தொடக்கூடாது என்று எங்கும் எழுதி வைத்திருக்கவில்லை. யாரும் தொட்டதில்லை, அவ்வளவுதான். எழுதி வைத்ததைக்கூட அழித்துவிடலாம், இதை என்ன செய்ய முடியும்?

நசுருதீன் உள்ளே போய், பூசி முடித்திருந்த பக்கத்தை உள்ளங்கையால் தடவினார். தடவத் தடவ அவர் முகம் மாறியது.

"இதுக்கு முந்தி எங்கயாச்சும் பூசியிருக்கியா?"

அவள் தலையைக் குனிந்துகொண்டு சொன்னாள். "சாயிபாபா காலனி ஊட்டுல சாமான் ரூமுங்க. பீளமேட்டுல பரணுக்கு உள்பக்கமுங்க. ராமநாதபுரத்துல மேல தண்ணித் தொட்டிக்குப் பின்னாலங்க. நீங்கல்லாம் சோறு திங்கப் போறப்ப பூசிப்போட்டு, கரண்டியக் கழுவி வெச்சுருவேனுங்க."

நசுருதீனுக்கு ஒவ்வொன்றாக ஞாபகம் வந்தது. யாரும் பார்க்காத சுவர்கள் அவை. மூட்டையும் பழைய பாத்திரமும் அடைத்துக் கிடக்கிற இடங்கள். அந்த மூலைகள் முடிந்து கிடப்பதைப் பார்த்தபோதெல்லாம், கூட வேலை செய்யும் பாலுசாமிதான் பூசியிருக்கிறான் என்று நினைத்து, "பரவால்லியே பாலு" என்று அவர் சொல்லியிருந்தார். அந்தப் பாலுசாமியும் மறுபேச்சு பேசாமல் பாராட்டை வாங்கி மடியில் கட்டிக்கொண்டிருக்கிறான்! அவனுக்கும் யார் பூசியது என்று தெரியாது. சும்மா வந்த புகழை எவன் வேண்டாம் என்பான்?

அந்த ஞாயிற்றுக்கிழமை நசுருதீன் சைக்கிளை எடுத்துக்கொண்டு ராமநாதபுரம் போனார். "விரிசல் ஏதாச்சும் இருக்குதான்னு பாத்துட்டுப் போலாம்னு வந்தனுங்க" என்று வீட்டுக்காரரிடம் ஒரு பொய்யைச் சொல்லிவிட்டு மொட்டைமாடிக்கு ஏறினார். தண்ணீர்த் தொட்டிக்கும் கைப்பிடிச் சுவருக்கும் நடுவில் பூனை நுழைகிற இடம். வயிற்றை எக்கிக்கொண்டு உள்ளே புகுந்து, சுவரில் கன்னத்தை வைத்து ஒற்றைக் கண்ணால் நீளவாக்கில் பார்த்தார். மேடு இல்லை, பள்ளம் இல்லை. வெயிலும் மழையும் பட்டு வருஷங்கள் ஆகியும் மயிரிழை விரிசல்கூட இல்லை. அந்த இடுக்கில் நின்றபடியே "மாஷா அல்லாஹ்" என்று வாய்விட்டுச் சொன்னார். குடத்துக்குள் இப்படி ஒரு விளக்கை எரியவிட்டு, தான் வெளியே இருட்டு இருட்டு என்று சொல்லிக்கொண்டிருந்ததை நினைத்து அவருக்கு வெட்கமாகவும் இருந்தது, ஆச்சரியமாகவும் இருந்தது. ஆச்சரியம்தான் மிஞ்சி நின்றது.

அடுத்து வந்தது சுந்தரராஜுலு நாயுடு வீடு. நாயுடு கரும்புக் காட்டுக்காரர், பிறகு மோட்டார் பம்பு செய்கிற பட்டறை போட்டு மேலே வந்தவர். மேட்டுப்பாளையம் ரோட்டில், காரமடைக்கு இந்தப் பக்கம், சொந்தக் கரும்புத் தோட்டத்து ஓரமாகவே மாடி வீடு கட்டினார். அந்த வீட்டில் மாடிப்படிச் சுவர் ஒன்று. தரையிலிருந்து மொட்டைமாடி வரைக்கும் ஒரே மூச்சாக ஏறுகிற சுவர். உச்சியில் கண்ணாடிக் கூரை. உச்சி வெயில் அந்தக் கண்ணாடி வழியாக இறங்கிச் சுவரை ஒட்டியே வழியும். சின்ன மேடு இருந்தாலும் நிழல் விழுந்து காட்டிக்கொடுத்துவிடும். பாதியில் நிறுத்தி மறுநாள் தொடர்ந்தால் ஒட்டுப் போட்ட இடம் தழும்பு மாதிரி தெரியும். ஒரே நாளில் மேலிருந்து கீழே பூசி முடிக்க வேண்டும்.

நசுருதீன் தோளைப் பிடித்துக்கொண்டே அண்ணாந்து பார்த்தார். தன்னால் ஆகாது என்று அவருக்கு நன்றாகத் தெரிந்தது.

"இத நஞ்சம்மா பூசட்டுமுங்க" என்றார்.

நாயுடு அவரை ஏற இறங்கப் பார்த்தார். "ஏனப்பா பாயி, பொம்பளைங்க கரண்டி புடிச்சு நீ எங்கயாச்சும் பாத்திருக்கியா?"

"பாத்திருக்கேனுங்க."

"எங்க?"

"யாரும் பாக்காத எடத்துலங்க."

நாயுடுவுக்கு ஒன்றும் புரியவில்லை. ஆனால் பாயின் வார்த்தையைத் தட்டவும் மனசில்லை. "வெள்ளிக்கெழம ஆசாரி கைப்பிடி மாட்ட வாரான். செவுரு கெட்டியா இருக்கோணும். கெட்டுப்போச்சுன்னா என்ன பண்ணுவே?"

பதில் சொன்னது நஞ்சம்மாள். "கெட்டுப்போச்சுன்னா செரண்டிப்போட்டு பாய் வேற ஆள வெச்சுப் பூசட்டுமுங்க. நான் இனி எங்கயும் கரண்டியத் தொடமாட்டேனுங்க."

யார் கேட்டார்கள் இந்தச் சத்தியத்தை? ஆனால் அவள் சொன்னால் சொன்னதுதான். இத்தனை வருஷம் ஒளித்து ஒளித்துக் கற்ற வித்தை முழுவதையும் ஒரே சுவரின் மேல் தூக்கி வைத்துவிட்டாள்.

குறித்த நாள் விடிந்தது. கிணற்று மோட்டாருக்குக் கரண்ட் இல்லை. தண்ணீருக்கு என்ன வழி என்று பார்த்துக்கொண்டிருக்கும்போது, பாலுசாமி பக்கத்துத் தோட்டத்து வெல்லம் காய்ச்சும் கொட்டாயில் சும்மா கிடந்த ஒரு பீப்பாயை உருட்டிக்கொண்டு வந்து வாய்க்கால் தண்ணீரை மொண்டு நிரப்பினான். "கழுவுனியா?" என்று கேட்டார் நசுருதீன். "கழுவாம இருப்பனுங்களா?" என்றான். அவன் கழுவியது வாய் கொப்பளிக்கிற மாதிரி ஒரு தடவை. அது பின்னால்தான் தெரிந்தது.

நஞ்சம்மாள் தானே கலவையைப் புரட்டி முடித்து, தண்ணீர் பக்குவத்தை இன்னொரு சித்தாளுக்குக் காட்டிவிட்டு, சட்டைக் கையை மடித்துக்கொண்டு சாரத்தில் ஏறினாள். தூக்குக்குண்டு விட்டுப் பார்த்து, சுவரில் அங்கங்கே மட்டத்துக்குக் கலவைப் பொட்டு வைத்தாள். கையில் அதே ஆட்டக் கைப்பிடிக் கரண்டி. முதல் வீச்சு போய் ஒட்டியது.

நசுருதீன் கீழே படியில் உட்கார்ந்து பார்த்தார். தன் தொழிலை அவர் அதுவரைக்கும் வெளியில் நின்று பார்த்ததே கிடையாது. வீச்சு, வீச்சு, வீச்சு. பிறகு மட்டப்பலகையைக் குறுக்கே வைத்து ஒரு இழு. வழிந்ததை வாங்கிப் பள்ளத்தில் அப்பு. மறுபடி இழு. பிறகு மணியாசுக்கட்டையை எடுத்து வட்ட வட்டமாகத் தேய்ப்பு. அந்தக் கட்டை சுவரில் ஓடுகிற சத்தம் ஒரே சீராக, தூளியாட்டுகிற மாதிரி வந்துகொண்டிருந்தது. செங்கலும் சாந்துமாகப் பல்லை இளித்துக்கொண்டிருந்த சுவர், மேலிருந்து கீழே கொஞ்சம் கொஞ்சமாக வாயை மூடிக்கொண்டு வந்தது. அவள் கை அலுக்கவில்லை, அவசரப்படவுமில்லை. மத்தியானத் தொழுகையை முடித்துவிட்டு ஓட்டமும் நடையுமாகத் திரும்பி வந்தார் பாய், எதையாவது விட்டுவிடுவோமோ என்று. அவருக்கு நெஞ்சு நிறைந்து, என்ன காரணம் என்று சொல்லத் தெரியாமல் கண் கலங்கியது.

ஒரு விஷயம் மட்டும் அவருக்கு விநோதமாக இருந்தது. கலவை இறுகவே இல்லை. எப்போது அள்ளினாலும் அப்போதுதான் கலந்த மாதிரியே இருந்தது. "இன்னைக்குக் கலவையும் உனக்கு எறங்கி வருது, அம்மணி" என்றார். பொழுது சாயும்போது அவள் தரையைத் தொட்டுவிட்டாள். ஒட்டு இல்லை, தழும்பு இல்லை. நாயுடு வந்து பார்த்தார்.

மறுநாள் காலையில் நஞ்சம்மாள் சுவரின் அடியில் கட்டைவிரலை வைத்தாள். நகம் மறைய உள்ளே போனது.

வெண்ணெய் திரண்டு வரும்போது தாழி உடைந்த கதை என்பார்களே, அதுதான். ராத்திரி முழுக்க நின்ற சுவர் முந்தின நாள் சாயங்காலம் இருந்தபடியே பச்சையாக இருந்தது. செய்தி கேட்டு நாயுடு ஓடிவந்தார். "பொம்பளைகிட்டக் குடுத்தா இப்பிடித்தான்" என்று பாலுசாமி ஆரம்பித்தான்.

நசுருதீன் வெளியே போனார். கலவை போட்ட இடத்தைப் பார்த்தார், மணலைப் பார்த்தார், சிமெண்ட் சாக்கைப் பார்த்தார். எல்லாம் சரியாகத்தான் இருந்தது. பிறகு பீப்பாயைப் பார்த்தார். கரும்புத் தோட்டத்து வரப்பிலிருந்து எறும்புச் சாரை ஒன்று கிளம்பி, வாசல் வழியாக வந்து, பீப்பாய் மேல் ஏறி உள்ளே இறங்கிக்கொண்டிருந்தது. அடியில் கையைவிட்டுச் சுரண்டி நாக்கில் வைத்தார். இனித்தது.

"பாலு, இங்க வா. இத நக்கிப் பாரு" என்றார். பாலுசாமி நக்கிப் பார்த்தான். அதற்குப் பிறகு அவன் பொம்பளை என்ற வார்த்தையை எடுக்கவில்லை.

குற்றம் யாருடையது என்று தெரிந்துவிட்டது. ஆனால் சுவர்? இனிப்பு பட்டால் சிமெண்ட் செத்துப்போகும் என்று நசுருதீன் கேள்விப்பட்டிருந்தார். அவருடைய அத்தா காலத்தில் சுண்ணாம்புச் சாந்தில் வெல்லத் தண்ணீர் ஊற்றி அரைத்ததையும் பார்த்திருந்தார். சுண்ணாம்பு வேறு, சிமெண்ட் வேறு.

"இது எறுகுமா எறுகாதா, பாயி? ஒரு வார்த்தை சொல்லு" என்றார் நாயுடு.

"தெரியாதுங்க" என்றார் நசுருதீன். அவர் வாயிலிருந்து அந்த வார்த்தை வந்து அதுவரை யாரும் கேட்டதில்லை.

"அப்பச் செரண்டிரலாம்."

"வேண்டாமுங்க" என்றாள் நஞ்சம்மாள். "செத்திருந்தா இந்நேரம் வழிஞ்சு கீழ வந்திருக்கோணுமுங்க. நிக்குது பாருங்க. வெள்ளிக்கெழம வரைக்கும் யாரும் தொடாதீங்க. அப்பவும் எறுகலைன்னா நானே செரண்டிப்போட்டுப் போறேனுங்க."

நாயுடு பாயைப் பார்த்தார். "பதறாத காரியம் சிதறாதுங்க" என்றார் பாய். வேறு என்ன சொல்வது?

நஞ்சம்மாள் ஈரச் சாக்குகளை ஜன்னல் ஓட்டைகளில் தொங்கவிட்டாள். கண்ணாடிக் கூரையின் மேல் தென்னங்கீற்றைப் பரப்பி வெயிலை மறைத்தாள். "பச்சை ஒடம்புங்க, காத்து படக்கூடாது" என்று யாரையும் படிப்பக்கம் விடவில்லை. சாக்கு காய்வதற்குள் மறுபடி நனைத்தாள். தினமும் விடிந்ததும் சுவரின் அடியில், பின்னால் தரை ஓடு வந்து மறைக்கப்போகிற இடத்தில், கட்டைவிரலை ஒரு தடவை அழுத்திப் பார்த்தாள். பார்த்துவிட்டு நேரே சாக்கு நனைக்கப் போய்விடுவாள். கேட்க நசுருதீனுக்குத் தைரியமில்லை. அவள் முகத்திலிருந்து எதையும் படிக்கவும் முடியவில்லை.

வெள்ளிக்கிழமை காலையில் ஆசாரி உளியும் சுத்தியுமாக வந்துவிட்டான். நாயுடு வந்தார். நஞ்சம்மாள் தென்னங்கீற்றை எடுத்துப்போட்டு, சாக்குகளை இறக்கினாள். வெளிச்சம் சரசரவென்று சுவரில் இறங்கியது.

நசுருதீன் மண்டியிட்டு உட்கார்ந்து சுவரின் அடியைப் பார்த்தார். விரல் பதிந்த குழிகள் வரிசையாக இருந்தன. முதலாவதில் அவருடைய விரல் நகம் வரை போனது. அடுத்ததும் கிட்டத்தட்ட அதே ஆழம். அதற்கடுத்தது ரேகை மட்டும் தெரிகிற அளவுக்கு ஒரு சின்னப் பள்ளம். அதற்குப் பக்கத்தில் ஒன்றுமே இல்லை.

"இன்னைக்கு அமுக்கலியா?" என்றார்.

"அமுக்குனேனுங்க" என்றாள். "அங்கதானுங்க."

நசுருதீன் அந்த ஒன்றுமில்லாத இடத்தில் கையை வைத்தார். குளிர்ந்து, கல்லாக இருந்தது. ஆசாரி குறி வைத்த இடத்தில் உளியை நிறுத்தி ஒரு அடி போட்டான். உளி வழுக்கியது. இன்னொரு அடி போட்டான். டங்கென்று மாடி வரைக்கும் கேட்டது. "என்னத்தக் கலந்தீங்க?" என்று அவன் கையை உதறினான்.

பீப்பாயில் ஒட்டியிருந்த அந்தக் கொஞ்ச வெல்லம் சிமெண்டைச் சாகடிக்கவில்லை, தூங்கத்தான் வைத்திருந்தது. எல்லாரும் அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள். கண்ணாடியிலிருந்து தரைவரைக்கும் வெளிச்சம் எங்கும் தட்டாமல், தடுக்காமல், நெளியாமல் இறங்கி வந்தது. அத்தனை உயரத்தில் அத்தனை அமைதியான ஒன்றை நசுருதீன் பள்ளிவாசலில்தான் பார்த்திருக்கிறார். படைத்தவன் யாருக்கு எதைக் கொடுத்து வைத்திருக்கிறான் என்று நினைத்தபோது அவருக்கு மேலெல்லாம் சிலிர்த்தது. அவர் வாயிலிருந்து "ம்" கூட வரவில்லை.

நாயுடு சுவரை ஒரு தட்டுத் தட்டிவிட்டு வாசலுக்குப் போனார். மற்றவர்களும் பின்னாலேயே போனார்கள். வீட்டு முகப்பு இன்னும் பூசாமல் செங்கலாக நின்றது. மேட்டுப்பாளையத்துக்குப் போகிற பஸ் ஒன்று ஹாரன் அடித்துக்கொண்டு கடந்து போனது.

"மொகப்ப யாரு பூசறது?" என்றார் நாயுடு.

பாலுசாமி நசுருதீனைப் பார்த்தான். நசுருதீன் வானத்தைப் பார்த்தார்.

"நானுங்க" என்றாள் நஞ்சம்மாள்.

"ரோட்டுமேல இருக்கற ஊடு, அம்மணி. சாமான் ரூமில்ல. போற வார பஸ்ஸுக்கெல்லாம் தெரியும், பாத்துக்க."

"தெரியட்டுமுங்க" என்றாள்.